மகன் பந்தைத் தொடாமல் வென்ற கிண்ணம்

என் மகன் இரண்டு வருடம் அமெரிக்கன் ஃபுட்போல் விளையாடினான். அந்த இரண்டு வருடத்தில் அவன் பந்தைத் தொட்டது, பையிலிருந்து எடுத்து மற்றவனிடம் கொடுத்தபோது மட்டும்தான். நான் அவனுடைய எல்லா மட்சுக்கும் போனேன், கை தட்டினேன். முதல் ஐந்து மட்ச் எதற்குத் தட்டுகிறேன் என்று எனக்கே தெரியாது. கோயிலில் பக்கத்து ஆள் விழுந்து கும்பிட்டால் நானும் விழுகிற மாதிரி, மற்றவர்கள் தட்டினால் நானும் தட்டினேன்.

அந்த அணி கிண்ணம் வென்றது. அவர்களுடைய படம் கல்லூரி வாசலில் கண்ணாடிக்குள் தொங்குகிறது. அதில் என் மகன் இல்லை. அந்தப் படம் எடுத்த நேரம் அவனுடைய மண்டையை ஆஸ்பத்திரியில் திறந்துகொண்டிருந்தார்கள். இதை முதலே சொல்லிவிடுகிறேன். நான் பகிடிக்காரன். நீங்கள் சிரித்துக்கொண்டிருக்கும்போது நடுவில் சொன்னால் எனக்கு அடிக்க வருவீர்கள்.

நான் எட்டாம் வகுப்போடு படிப்பை விட்டவன். விட்டேன் என்று கௌரவமாகச் சொல்கிறேன். உண்மையில் படிப்புத்தான் என்னை விட்டது. லண்டனில் மிச்சம் என்கிற ஊரில் ஒரு கடையில் ஷிப்ட் வேலை. மகன் அந்த நேரம் தெற்கு லண்டனில் ஒரு சின்னக் கல்லூரியில் மூன்றாம் வருடம். பாலங்கள் விழாமல் கட்டுகிற படிப்பு. அதற்கு மேல் விளக்கம் கேட்டால் நான் பேச்சை மாற்றிவிடுவேன். என் பக்கத்திலும் மனுசியின் பக்கத்திலும் தேடிப் பார்த்தாலும் பட்டம் எடுத்த ஒருவர் இல்லை. அவன் எடுத்தால்தான் உண்டு. அந்த வருடம் வைகாசியில் கடைசிச் சோதினை.

அவன் சின்ன வயதிலேயே மொத்தமான உடம்பு. மனுசி இராச் சோற்றை நிறுத்தினாள், பூங்காவைச் சுற்றி நடக்க விட்டாள், ஓட்ஸ் கரைத்துக் கொடுத்தாள். அவன் ஓட்ஸையும் குடித்துவிட்டு ஒளித்து வைத்த பிஸ்கட்டையும் சாப்பிட்டான். பிஸ்கட்டை ஒளித்து வைத்தது நான். இப்படி இருபது வருடம் குறைக்கப் பார்த்த உடம்பை, கல்லூரிக் கன்டீனில் ஒரு மனிதர் கண்டு, நகைக்கடையில் நிற்கிற மனுசியைப் போல அப்படியே நின்றுவிட்டாராம். அவர்தான் கோச். கிழமை நாட்களில் தபால் கொண்டு திரிகிறவர், ஞாயிற்றுக்கிழமை கோச். இரண்டு மைதானத்துக்கு அப்பால் கேட்கிற குரல்.

விளையாட்டை எனக்கு விளங்கின அளவில் சொல்கிறேன். ஒருவன் பந்தை வைத்துக்கொண்டு யாருக்கு எறியலாம் என்று பார்ப்பான். எதிர்ப் பக்கத்துப் பெடியள் அவனை விழுத்த ஓடி வருவார்கள். அவர்களை மறிக்க முன்னால் ஐந்து மொத்தப் பெடியள் நிற்பார்கள். அந்த ஐந்தில் ஒருவன் என் மகன். அதாவது, கதவு. வீட்டுக்குள் நடப்பதெல்லாம் மற்றவர்களுக்கு. கதவுக்கு இடி மட்டும். ஒரு மட்சில் ஐம்பது அறுபது தரம் இடிப்பார்கள். பெரிய கல்லூரிகளில் ஆட்கள் கூட, மாறி மாறி இறக்குவார்கள். இவர்களிடம் மொத்தமே இருபத்துச் சொச்சம் பேர். அதில் இரண்டு பேர் ஓடினால் இளைப்பு வந்து பம்ப் அடிக்கிறவர்கள். ஆகவே பந்து எந்த அணியின் கையில் இருந்தாலும் என் மகன் மைதானத்துக்குள் நின்றான்.

நான் ஒவ்வொரு ஞாயிறும் ஒரு தட்டு மட்டன் ரோல்ஸ் கொண்டுபோவேன். ஹெல்மெட்டைக் கழற்றவும் பொறுமை இல்லாமல் கம்பிக்கு இடையால் ரோலைத் தள்ளிச் சாப்பிட்ட பெடியனை நான் கண்ணால் கண்டிருக்கிறேன். நான் காரை நிற்பாட்ட முதலே அவர்கள் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். இந்த நாட்டில் இத்தனை வருடத்தில் கடை முதலாளியைத் தவிர வேறு யாரும் என்னை எதிர்பார்த்து நின்றதில்லை. அதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனம் பிடித்தது. அணி வென்றால் நானும் வென்ற மாதிரி. கடையில் பால் வாங்க வந்தவர்களையும் மறித்து வைத்து மட்ச் சொன்னேன்.

அந்தச் சீசன் முதல் மட்சை வென்றார்கள். தற்செயல் என்று நினைத்தோம். இரண்டாவதையும் வென்றார்கள். மாரிக் குளிரில், சேற்றில், பெரிய கல்லூரிகளின் மினுங்குகிற உடுப்புக்காரர்களை ஒவ்வொன்றாக விழுத்திக்கொண்டு அரையிறுதிக்கு வந்தார்கள். அதையும் வென்றார்கள். ஆனால் அன்று கடைசி நேரத்தில் என் மகனின் தலையில் ஒருவனுடைய முழங்கால் பட்டது. எழும்பிவிட்டான். கையைக் காட்டி எல்லாம் சரி என்றான். பிறகு குனிந்து சப்பாத்து நூலைக் கட்டினான். கட்டிமுடித்து, கட்டியிருந்த அதே நூலைத் திரும்பவும் கட்டினான். கோச் அதைக் கண்டார். உடனே வெளியே எடுத்துவிட்டார். அப்படிக் கண் உள்ள மனிதர்.

இறுதிப் போட்டிக்கு மூன்று கிழமை இருந்தது. கோச் என்னிடம் ஒரு தாளைத் தந்தார். வீட்டில் இருக்கிற பெரிய ஆள் ஒருவர் ஒவ்வொரு காலையும் மகனைப் பார்த்து அதை நிரப்ப வேண்டும். ஆறு கேள்வி: தலையிடியா, சத்தி வாந்தியா, தலைச்சுற்றா, வெளிச்சம் கூசுகிறதா, நித்திரை எப்படி, குணத்தில் மாற்றமா. யெஸ் அல்லது நோ, கீழே கையெழுத்து. ஒரு யெஸ் விழுந்தாலும் இறுதிப் போட்டி இல்லை என்று அவர் மெதுவாக, எனக்கு விளங்குகிற மாதிரி, என் தோளில் கை வைத்துச் சொன்னார். வைத்தியர் வாரத்துக்கு ஒருமுறை பத்து நிமிடம் பார்ப்பார், நீ ஒவ்வொரு நாளும் பார்ப்பாய், உன்னைத்தான் நம்புகிறேன் என்றார். நான் ஓம் கோச், ஓம் கோச் என்று தலையாட்டினேன்.

இப்போது நான் ஃபோம் நிரப்புகிற விதத்தைச் சொல்ல வேண்டும்.

நான் இங்கே வந்து இறங்கிய காலத்தில் ஒரு வீட்டில் பதினொரு பேர் இருந்தோம். குரோய்டனில் இருக்கிற குடிவரவுக் கந்தோரில் இருந்து ஃபோம் வரும். பதினொரு பேரில் ஒரு அண்ணைக்கு மட்டும் கொஞ்சம் இங்கிலிஷ் தெரியும். அவர்தான் எங்களுக்கு அந்த வித்தையைக் காட்டித் தந்தார். யெஸ் என்ற பெட்டிக்குக் கீழே எப்போதும் ஒரு நீளக் கோடு இருக்கும்: யெஸ் என்றால் விவரம் எழுதவும். நோவுக்குக் கீழே ஒன்றும் இருக்காது. விவரம் எழுத இங்கிலிஷ் வேண்டும். எழுதினால் அந்த விவரத்தைப் பற்றிக் கேட்டு இன்னொரு கடிதம் வரும். அதற்குப் பதில் எழுதினால் கூப்பிடுவார்கள். நோ போட்டால் கையெழுத்தோடு முடிந்தது. எங்கள் ஆட்களில் பாதிப் பேர் இன்றைக்கும் அப்படித்தான். கவுன்சில், டொக்டர், பள்ளிக்கூடம், எதுவாக இருந்தாலும் நான் மேலிருந்து கீழே நோ போட்டுக்கொண்டு போவேன். அலர்ஜி உண்டா? நோ. இறால் சாப்பிட்டால் எனக்கு உடம்பெல்லாம் தடிக்கும். மொழிபெயர்ப்பாளர் தேவையா? நோ. அந்தக் கேள்வி என்னவென்று மனுசியிடம் கேட்டுத்தான் அந்த நோவைப் போட்டேன்.

கோச் தந்த தாளிலும் யெஸ்ஸுக்குப் பக்கத்தில் ஒரு கோடு இருந்தது.

முதல் நாள் காலை மகன் அறையில் திரையை இழுத்து மூடிவிட்டுப் படுத்திருந்தான். தலை இடிக்குதா என்று கேட்டேன். கொஞ்சம் என்றான். கொஞ்சத்துக்குப் பெட்டி இல்லை. நோ போட்டேன். இரண்டாம் நாள் நான் தேத்தண்ணிக் கோப்பையைக் கழுவுகிற சத்தம் தாங்காமல் எரிந்து விழுந்தான். எங்கள் குடும்பத்தில் எல்லோருக்கும் கோபம் வரும் என்று நோ போட்டேன். நாலாம் நாள் காலை எழும்பிய உடனே சத்தி எடுத்தான். மனுசி குளியலறை வாசலில் நின்றபடி என்னைப் பார்த்தாள்.

“இது சரியில்லை. கோச்சுக்குச் சொல்லுங்கோ.”

“ராத்திரி மீன் கறி எல்லே. எனக்கும் வயித்துக்குள்ள ஒரு மாதிரித்தான் கிடக்கு.”

“உங்களுக்கு ஒருமாதிரி எண்டால் நாலு ரோல் சாப்பிட்டிருக்க மாட்டியள்.”

அவள் சொன்னது சரி. நான் சிரித்தேன். சிரித்துக்கொண்டே குசினி மேசையில் இருந்து நோ போட்டேன்.

மகனும் நானும் இதைப் பற்றி ஒரு வார்த்தை கதைக்கவில்லை. முதல் நாளுக்குப் பிறகு அவன் தலையிடிக்குது என்று வாய் திறந்து சொல்லவில்லை, நான் திரும்பிக் கேட்கவில்லை. காலையில் அவன் தாளைப் பார்ப்பான். நோ எல்லாம் வரிசையாக இருப்பதைக் கண்டு, தாங்ஸ் அப்பா என்பான். பழக்கத்தில் போட்டேன் என்று பிறகு எல்லோருக்கும் சொன்னேன். முதல் மூன்று நாள் அது பழக்கம். நாலாம் நாளுக்குப் பிறகு அது பழக்கம் இல்லை. நான் இறுதிப் போட்டியைப் பார்க்க ஆசைப்பட்டேன். வெம்பிளியில் மகன் விளையாடுகிறான் என்று மிச்சம் முழுக்கச் சொல்லிவிட்டேன்.

வெம்பிளிதான். ஆனால் டீவியில் காட்டுகிற அந்த வெம்பிளி ஸ்டேடியம் இல்லை. பஸ் நிற்பாட்டுகிற இடத்துக்குப் பின்னால் ஒரு விளையாட்டு மைதானம், ஒரு பக்கம் மட்டும் இரும்புப் படி. அந்தப் பக்கம் குடியிருக்கிற என் மச்சான் கோட்டும் சூட்டும் போட்டு வந்திருந்தான். சுற்றிப் பார்த்துவிட்டு, ஸ்டேடியத்துக்கு மேலே நிற்கிற பெரிய வளைவு எங்கே என்று கேட்டான். கூரைகளுக்கு மேலே தூரத்தில் சின்னதாகத் தெரிந்த வளைவைக் காட்டினேன்.

“அப்ப நாங்கள் பிழையான இடத்தில நிக்கிறம் மச்சான்.”

“சரியான இடம்தான். ஸ்டேடியத்தைத்தான் கொஞ்சம் தள்ளிக் கட்டிப்போட்டாங்கள்.”

மகன் நன்றாக நின்றான். முதல் பாதி ஒருவனையும் உள்ளே விடவில்லை. கோச்சின் குரல் கேட்டுக்கொண்டே இருந்தது. இரண்டாம் பாதி தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் ஒரு சாதாரண இடி. நான் அதைவிடப் பெரிய இடி நூறு பார்த்திருக்கிறேன். அவன் விழக்கூட இல்லை. ஒவ்வொரு தரமும் விளையாட்டு நின்றதும் இரண்டு பக்கத்தாரும் தனித்தனியே வட்டமாகக் கூடி அடுத்தது என்ன செய்வது என்று குசுகுசுப்பார்கள். என் மகன் மெல்ல நடந்து போனான். எதிர் அணியின் வட்டத்துக்குள் போய், முழங்காலில் இரண்டு கையையும் ஊன்றிக் குனிந்து, அவர்கள் கதைப்பதைக் கவனமாகக் கேட்டுக்கொண்டு நின்றான்.

படியில் இருந்தவர்கள் சிரித்தார்கள். எல்லோரையும்விடப் பெரிதாகச் சிரித்தவன் நான். மச்சானின் முதுகில் தட்டி, பாத்தியே, அப்பனைப் போல பகிடிக்காரன் என்றேன்.

முதலில் விளங்கியது எதிர் அணிப் பெடியன் ஒருவனுக்குத்தான். அவன் என் மகனின் இரண்டு தோளையும் பிடித்து, ஹெல்மெட்டுக்குள் எட்டிப் பார்த்தான். பிறகு ஒரு கையால் பிடித்துக்கொண்டே மற்றக் கையை உயர்த்தி ஆட்டினான். மகன் முழங்காலில் விழுந்தான். அப்படியே பக்கமாகச் சாய்ந்தான். நான் அப்போதும் சிரிப்பை முழுதாக நிறுத்தி முடிக்கவில்லை. என் வாய் கடைசி ஆளாகத்தான் மூடிக்கொண்டது.

ஆஸ்பத்திரிக்கு மனுசி எனக்கு முதலே வந்துவிட்டாள், வீட்டுச் செருப்போடு. ஒரு பெண் டொக்டர் வந்தார், வயது என் மகனைவிடக் கொஞ்சம்தான் கூட இருக்கும். கடந்த மூன்று கிழமையில் தலையிடி இருந்ததா என்று கேட்டார். நான் நோ என்றேன். சத்தியம், யோசித்துச் சொல்லவில்லை. வாய் தானாகச் சொன்னது. மனுசி என்னைத் திரும்பியும் பார்க்காமல் யெஸ் என்றாள். டொக்டர் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, தொலைபேசியில் ஒரு மொழிபெயர்ப்பாளரைப் பிடித்தார். இந்தியத் தமிழ்ப் பெண் குரல். சொல்லுங்கம்மா, மெதுவா சொல்லுங்க என்றது.

“மூண்டு கிழமையும் தலையிடி. நாலாம் நாள் சத்தி, பிறகும் ரெண்டு தரம். வெளிச்சம் பாக்கேலாது. சத்தம் கேக்கேலாது. பகலிலயும் படுத்தபடி.” அவள் மூச்சு எடுத்தாள். “இவருக்கும் தெரியும்.”

அந்தக் குரல் ஒவ்வொன்றாக இங்கிலிஷில் சொன்னது. கடைசி வசனத்துக்கு வந்ததும் ஒரு கணம் நின்றது. பிறகு அதையும் சொன்னது.

மண்டைக்குள் இரத்தம் கட்டியிருந்தது. உடனே கொண்டுபோனார்கள். நாங்கள் நீலக் கதிரைகளில் இருந்தோம். ஒரு மணித்தியாலத்துக்குப் பிறகு கோச் வந்தார், முழங்கால் வரைக்கும் சேறு, கையில் மகனுடைய ஹெல்மெட். வென்றோமா என்று நான் கேட்டேன். அந்த இடத்தில், அந்த நேரத்தில், நான் அதைத்தான் கேட்டேன். இரண்டு புள்ளியால் என்று சொல்லிவிட்டு அவர் எனக்குப் பக்கத்தில் இருந்தார். தாளைப் பற்றி அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் சுகமாக இருந்திருக்கும்.

கல்லூரி பிறகு விசாரித்தது. கோச் தாளைக் கொடுத்தார். ஆறு கேள்வி, மூன்று கிழமை, எல்லாம் நோ, ஒவ்வொரு நாளுக்கும் என் கையெழுத்து. அவர் மேல் பிழை இல்லை என்று சொல்லிவிட்டார்கள். அடுத்த சீசனுக்கு அவர் வரவில்லை. அணியும் ஆளில்லாமல் கலைந்தது. என் பெயரை அவர் ஒருவரிடமும் குற்றமாகச் சொல்லவில்லை என்று பெடியள் சொன்னார்கள்.

மகன் உயிரோடு வந்தான். நடக்கிறான், சாப்பிடுகிறான், சின்ன வயது விசயமெல்லாம் ஞாபகம். புதிதாக உள்ளே போவதுதான் தங்குவதில்லை. காலையில் சொன்னது பின்னேரம் சில நாள் இருக்கும், பல நாள் இருக்காது. பக்கத்தைப் பார்த்து வாசித்தால் எழுத்து நீந்துகிறது என்கிறான். கல்லூரி ஒரு வருடம் பொறுத்தது, பிறகு இன்னொரு வருடம் தந்தது. திரும்பி வரக்கூடியது முதல் வருடத்தில் வந்திருக்கும் என்று டொக்டர் சொன்னார். அவர் அதை நல்ல செய்தி மாதிரிச் சொல்லப் பார்த்தார், பாவம்.

நான் செய்ததை அவனிடம் சொன்னேன். வீட்டுக்கு வந்து மூன்றாம் மாதம், எதிரில் இருத்திச் சொன்னேன். ஏன் அப்பா என்று கேட்டான். எழும்பி அறைக்குள் போனான். நான் அழுது முடித்துவிட்டேன், இனி எதுவானாலும் சரி என்று இருந்தேன். மறுநாள் சிரித்துக்கொண்டு வந்து சாப்பிட இருந்தான். மன்னித்துவிட்டான் என்று நினைத்தேன். மறந்துவிட்டான். இரண்டு மாதம் கழித்து, தலை அடிபட்டிருக்க என்னை ஏன் விளையாட விட்டவை என்று அவனாகவே கேட்டான். திரும்பவும் சொன்னேன். அன்று கதவை அடித்துச் சாத்தினான். மூன்றாம் தரம் சொன்னபோது என் கையைப் பிடித்து, பரவாயில்லை அப்பா, நானும்தானே மறைச்சனான் என்றான். அதையும் அவன் மறந்துவிட்டான். கொடுத்தவனுக்கே ஞாபகம் இல்லாத மன்னிப்பை நான் வைத்துக்கொள்ளலாமா என்று எனக்குத் தெரியவில்லை. கேட்கவும் ஆளில்லை.

“இனிச் சொல்லாதேங்கோ” என்றாள் மனுசி. “உங்களுக்கு ஒவ்வொருமுறையும் பாரம் குறையுது. அவனுக்கு ஒவ்வொருமுறையும் புதுசாய் நோகுது.”

அதற்குப் பிறகு சொல்லவில்லை. அதற்குப் பதிலாக வாசிக்கத் தொடங்கினேன். அவனுக்கு எழுத்துத்தானே நீந்துகிறது, காது சரிதானே என்று ஒருநாள் அவனுடைய புத்தகத்தை எடுத்தேன். எட்டாம் வகுப்புக்காரன் பாலம் கட்டுகிற புத்தகத்தை இங்கிலிஷில் உரத்து வாசிக்கிறான். கேட்டால் பாலமே விழுந்துவிடும். ஒரு சொல்லை நான் நாலு துண்டாக உடைத்து வாசிப்பேன். அவன் கண்ணை மூடிக்கொண்டு அதைச் சரியாகச் சொல்லுவான். அர்த்தமும் சொல்லுவான். அப்படிச் சொல்லுகிற நேரத்தில் அவனுக்கு ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும். அந்த அரை நிமிடத்துக்காக நான் கடையில் எல்லோரிடமும் கெஞ்சிப் பின்னேர ஷிப்டுக்கு மாறினேன். குளிர்காலம் முழுக்க ஒவ்வொரு காலையும் வாசித்தோம்.

போன கிழமை கல்லூரியில் இருந்து கடைசித் தவணைக் கடிதம் வந்தது. இந்த மாதத்துக்குள் வருகிறாயா இல்லையா என்று சொல்ல வேண்டும். செவ்வாய்க்கிழமை காலை வழமை போல இருந்தோம். புதுப் பக்கம். பாதியில் அவன் கையை உயர்த்தினான். முதல் வரியைத் திரும்ப வாசிக்கச் சொன்னான். வாசித்தேன். நடுவுக்கு வந்ததும் திரும்பவும் முதல் வரி. மூன்றாம் தரமும் வாசித்தேன். நாலாம் தரம் நான் தொடங்க, அவன் தன் பெரிய கையைப் பக்கத்தின் மேல் வைத்து மூடினான்.

“காணும் அப்பா. நான் வரேல்லை எண்டு மெயில் போடுவம்.”

“இன்னும் ரெண்டு கிழமை கிடக்குத் தம்பி.”

“எனக்கு இப்ப விளங்குது. பின்னேரம் விளங்காது. இப்பவே போடுங்கோ.”

அவன் சொல்லச் சொல்ல நான் ஒரு விரலால் தட்டினேன். மூன்று வரிதான். பிழை இல்லாமல் இருக்க ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னான். அனுப்பும்போது திரையைத் தானே ஒருமுறை பார்த்தான், கண்ணைச் சுருக்கிக்கொண்டு. பிறகு போய்ப் படுத்தான். மனுசி குசினிக்குள் இருந்து வந்து, அனுப்பியாச்சோ என்று மட்டும் கேட்டாள்.

நான் அன்று வேலைக்கு ஏலாது என்று சொல்லிவிட்டு வீட்டில் இருந்தேன். மூன்று மணி போல அவன் எழும்பி, முகம் கழுவி, தேத்தண்ணியோடு முன்னறைக்கு வந்தான். அலுமாரியில் இருந்து புத்தகத்தை எடுத்தான். என் மடியில் வைத்துவிட்டு, பக்கத்தில் இருந்து கண்ணை மூடினான்.

“காலமை வாசிக்கேல்லை எல்லே. தொடங்குங்கோ அப்பா.”

மனுசி வாசலில் நின்றாள். நான் அவளைப் பார்த்தேன். அவள் உள்ளே போய்ப் பைப்பைத் திறந்துவிட்டாள். தண்ணீர் ஓடுகிற சத்தம் கேட்டது.

நான் அந்தப் பக்கத்தை விரித்து முதல் வரியை வாசித்தேன். மூன்றாவது சொல்லை உடைத்துவிட்டேன். அவன் திருத்தினான்.